மின் கட்டண வழக்கு: தபால் உறையைத் தூக்கி எறியாதீர்கள்

அந்த அம்மாள் ஒரு பிளாஸ்டிக் பையிலிருந்து ஒன்பது காகிதங்களை எடுத்து என் மேசையில் பரப்பினார். மின் கட்டண அட்டை, பணம் கட்டிய ரசீதுகள், அலுவலகத்தில் கொடுத்த இரண்டு மனுக்களின் நகல்கள், எல்லாவற்றுக்கும் அடியில் நான்காக மடித்த இறுதி மதிப்பீட்டு ஆணை. வீட்டு இணைப்பில் ஜெராக்ஸ் கடை நடத்தியதற்காக 84,000 ரூபாய் கட்டச் சொல்லியிருந்தார்கள்.

“இது எப்போது கைக்கு வந்தது, அம்மா?”

“நினைவில்லை சார். கவரைக் குப்பையில் போட்டுவிட்டேன்.”

ஆணையின் தேதியைப் பார்த்தேன். 41 நாட்கள் ஆகியிருந்தன.

மின்சாரச் சட்டம், 2003-இன் 127-ஆவது பிரிவு மேல்முறையீட்டுக்குத் தரும் அவகாசம், ஆணையிலிருந்து 30 நாட்கள். தாமதத்தை மன்னிப்பது பற்றி அந்தப் பிரிவில் ஒரு வரிகூட இல்லை. ஆணை தாமதமாகத்தான் கைக்கு வந்தது என்று வாதாட வேண்டுமானால், தபால் முத்திரையுள்ள உறை வேண்டும். அதைத்தான் பலரும் முதலில் தூக்கி எறிகிறார்கள்.

அந்த 41 நாட்களும் அவர் சும்மா இருக்கவில்லை என்பதுதான் என்னை வருத்தியது. முதலில் அலுவலகத்தில் மனு கொடுத்தார். “பார்க்கலாம்” என்று அனுப்பிவிட்டார்கள். மீண்டும் ஒரு மனு. பிறகு யாரோ சொன்னதைக் கேட்டு நுகர்வோர் நீதிமன்றத்துக்குப் போகத் தயாரானார். முறையற்ற மின் பயன்பாட்டுக்காக 126-ஆவது பிரிவின்படி செய்த மதிப்பீட்டை எதிர்த்து நுகர்வோர் மன்றத்தில் புகார் நிற்காது என்று 2013-லேயே உச்ச நீதிமன்றம், உத்தரப் பிரதேச மின் கழகத்தின் வழக்கில் தெளிவாகச் சொல்லிவிட்டது. உரிமையியல் நீதிமன்றத்தின் கதவையும் 145-ஆவது பிரிவு அடைத்துவிடுகிறது.

ஆகவே நோட்டீஸ் வந்தால் தொகையைப் பார்த்துப் பதறுமுன், அதில் எந்தப் பிரிவு குறிப்பிடப்பட்டிருக்கிறது என்று பாருங்கள். ரீடிங் தவறு, மீட்டர் கோளாறு, தவறான கட்டண வகை போன்றவை என்றால் 42(5)-இன்படி அமைந்த மின் நுகர்வோர் குறைதீர்க்கும் மன்றம். அங்கே நியாயம் கிடைக்காவிட்டால் மின்குறை தீர்ப்பாளர். 126 என்றால் முறையற்ற பயன்பாடு. அதற்கு வழி வேறு. 135 என்றால் திருட்டுக் குற்றச்சாட்டு, சிறப்பு நீதிமன்றம். அன்றே வழக்கறிஞரைப் பாருங்கள்.

126-இல் முதலில் வருவது தற்காலிக மதிப்பீட்டு ஆணை. ‘தற்காலிகம்’ என்ற சொல்லைப் பார்த்துவிட்டு அசட்டையாக இருந்துவிடுகிறார்கள். உண்மையில் வழக்கின் உயிர்நாடியே அங்குதான். ஏழு நாட்களுக்குள் பணத்தைக் கட்டினால் மதிப்பீட்டை ஏற்றுக்கொண்டதாகிவிடும். மறுப்பதானால் எழுத்து மூலம் ஆட்சேபணை கொடுத்து, நேரில் விசாரணையும் கேட்க வேண்டும். தற்காலிக ஆணை வழங்கப்பட்ட 30 நாட்களுக்குள் அதிகாரி இறுதி ஆணை பிறப்பிக்க வேண்டும்.

முறையற்ற பயன்பாடு எப்போது தொடங்கியது என்று தெரியாவிட்டால்தான், ஆய்வுக்கு முந்தைய 12 மாதங்களுக்குக் கணக்கிடலாம். அதுவும் இரு மடங்கு கட்டணத்தில். தொடங்கிய நாளை நிரூபித்துவிட்டால் அந்தக் காலத்துக்கு மட்டுமே கணக்கு. இதைச் சொன்னபோது அந்த அம்மாள் பையை மீண்டும் துழாவிப் பத்தாவது காகிதம் ஒன்றை எடுத்தார். ஜெராக்ஸ் எந்திரம் வாங்கிய ரசீது; ஆய்வுக்குச் சரியாக நான்கு மாதங்களுக்கு முந்தைய தேதி. 12 மாதக் கணக்கை நான்கு மாதமாகக் குறைக்கக்கூடிய அந்த ரசீது, ஆட்சேபணை என ஒன்று எழுதப்படாததால் பையிலேயே கிடந்திருக்கிறது.

மேல்முறையீட்டுக்கு இன்னொரு தடையும் உண்டு. மதிப்பீட்டுத் தொகையில் பாதியை ரொக்கமாகவோ வங்கி டிராப்டாகவோ செலுத்திய சான்று இணைக்கப்படாவிட்டால் மனுவை ஏற்க மாட்டார்கள். முன்பு மூன்றில் ஒரு பங்காக இருந்தது. 2007 திருத்தம் பாதியாக்கியது. அன்றாடம் உழைத்துப் பிழைப்பவருக்கு 42,000 ரூபாய் புரட்டவே 30 நாள் போதாது. இதை நான் அநீதி என்றே கருதுகிறேன். ஆனாலும் சட்டம் மாறும்வரை, ஆணை வந்த அன்றே பணத்துக்கும் ஏற்பாடு செய்யத் தொடங்குங்கள்.

சாதாரண பில் தகராறில் பலரும் அறியாத பாதுகாப்பு 56-ஆவது பிரிவில் இருக்கிறது. இணைப்பைத் துண்டிக்க 15 முழு நாட்கள் எழுத்துபூர்வ அறிவிப்பு தேவை. கேட்ட தொகை, கடந்த ஆறு மாத சராசரிக் கட்டணம் இவற்றில் எது குறைவோ அதை ‘ஆட்சேபணையுடன் செலுத்துகிறேன்’ என்று எழுதிக் கொடுத்துக் கட்டினால், தகராறு முடியும்வரை துண்டிக்க முடியாது. கடிதத்தின் நகலில் அலுவலக முத்திரை வாங்க மறக்காதீர்கள்.

பழைய பாக்கி என்று திடீரென வரும் பில்லைப் பற்றியும் கேட்கிறார்கள். பாக்கியை வசூலிக்க இரண்டு ஆண்டு வரம்பு உண்டு என்பது சரி. ஆனால் உண்மையான தவறு பின்னர் தெரியவந்தால் கூடுதல் பில் அனுப்பலாம், அதற்காக இணைப்பைத் துண்டிக்க முடியாது என்று 2020-இல் உச்ச நீதிமன்றம் கூறியிருக்கிறது. ‘இரண்டு ஆண்டு ஆகிவிட்டது’ என்று மட்டும் நம்பி உட்கார்ந்துவிடாதீர்கள்.

மீட்டர் அதிகம் ஓடுகிறது என்று சந்தேகமா? 2024-இல் திருத்தப்பட்ட நுகர்வோர் உரிமை விதிகளின்படி, புகார் கொடுத்த ஐந்து நாட்களுக்குள் கூடுதல் மீட்டர் பொருத்தி, குறைந்தது மூன்று மாதம் ஒப்பிட்டுப் பார்க்க வேண்டும். எழுதிக் கேளுங்கள்.

மேல்முறையீட்டு அவகாசம் முடிந்துவிட்டதால், அந்த அம்மாளுக்காக இப்போது உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு தாக்கல் செய்திருக்கிறோம். ஜெராக்ஸ் எந்திரத்தின் ரசீதை அதில் முதல் இணைப்பாக வைத்திருக்கிறேன்.