ஒரே கருவி, இரண்டு விடைகள்: மறதிநோயும் கம்ப்யூட்டரும்

பெங்களூரின் அல்சூர் ஏரிக்கரையில் காலை நடைக்கு வரும் தமிழ்ப் பெரியவர்களின் பேச்சில் ரத்த அழுத்தம், சர்க்கரை ஆகியவற்றோடு இப்போது மறதிநோயும் சேர்ந்துகொண்டுள்ளது. ஸ்கேன் படத்தைப் பார்த்தே கம்ப்யூட்டர் அந்த நோயைச் சொல்லிவிடுமாமே என்று கேட்கிறார்கள். ஓரளவு சொல்லும் என்பதே விடை; அந்த ‘ஓரளவு’ எவ்வளவு என்பதில்தான் விஷயம் இருக்கிறது.

எம்.ஆர்.ஐ. கருவி மூளையை ஏறத்தாழ ஒரு மில்லிமீட்டர் பக்கமுள்ள சிறு கனசதுரங்களாகப் பதிவு செய்கிறது. ஒரு மூளைக்குள் இப்படிப் பத்து லட்சத்துக்கும் மேற்பட்ட கட்டங்கள் அடங்கும். ஒவ்வொன்றும் கறுப்புக்கும் வெள்ளைக்கும் இடைப்பட்ட ஒரு எண் மட்டுமே. மென்பொருள் முதலில் மண்டையோட்டை நீக்கி, சாம்பல் பகுதி, வெண்பகுதி, மூளைத் தண்டுவட நீர் என மூன்றாகப் பிரிக்கிறது. பிறகு, நினைவுகளைப் பதியவைக்கும் ஹிப்போகேம்பஸ் என்ற, கடற்குதிரை வடிவ உறுப்பின் எல்லையை வரைந்து அதன் கனஅளவைக் கணக்கிடுகிறது. நலமுள்ளவருக்கு அது ஒரு பக்கத்தில் மூன்று, நான்கு கனசென்டிமீட்டர்தான் இருக்கும். மறதிநோயின் முக்கிய வகையான அல்சைமர் நோயில் முதலில் சுருங்கும் பகுதிகளில் இதுவும் ஒன்று. ஆனால் வயதானால் எல்லோருக்கும் இது சற்றுச் சுருங்கவே செய்யும் என்பதால், அதே வயதும் பாலினமும் தலையளவும் உள்ள நலமான மனிதர்களோடு ஒப்பிட்டாக வேண்டும்.

அந்த மனிதர்கள் யார்? உலகெங்கும் பயன்படும் மாதிரி மூளைப் படங்களில் ஒன்று, கனடாவின் மான்ட்ரியலில் 152 பேரின் ஸ்கேன்களைச் சேர்த்து உருவாக்கப்பட்டது. அடுத்த வீட்டுக்காரரின் அளவுச் சட்டையைக் கொடுத்து நமக்குத் தைக்கச் சொன்னால் என்ன ஆகுமோ, அதுதான் இங்கும் நேரும். இதை உணர்ந்து ஹைதராபாத்தின் ஐ.ஐ.ஐ.டி. என்ற தொழில்நுட்பக் கல்வி நிறுவனம் 2019இல் 100 இந்தியர்களின் ஸ்கேன்களைக் கொண்டு ஒரு மூளை வரைபடத்தை வெளியிட்டது. பெங்களூரில் இந்திய அறிவியல் கழக வளாகத்திலுள்ள மூளை ஆய்வு மையமோ, கோலார் மாவட்டத்துச் சீனிவாசபுரம் பகுதிக் கிராமங்களில் 45 வயதைக் கடந்தவர்களைப் பல ஆண்டுகள் தொடர்ந்து கவனித்து வருகிறது. புதுப்புது மென்பொருள்களைவிட இத்தகைய பொறுமையான வேலையே அவசரத் தேவை என்பது என் எண்ணம்.

அண்மைக்கால மென்பொருள்கள் எதை அளப்பது என்பதையும் தாமே கற்றுக்கொள்கின்றன. மருத்துவர் ‘நோய் உண்டு’, ‘இல்லை’ என்று குறித்த படங்களே அவற்றுக்குப் பாடம். அந்தக் குறிப்பு பெரும்பாலும் நினைவாற்றலைச் சோதிக்கும் வாய்மொழித் தேர்வை ஒட்டி எழுதப்படுகிறது. 1975இல் வெளியான, 30 மதிப்பெண் கொண்ட மினி மென்டல் தேர்வு அவற்றில் பெயர்பெற்றது. அதில் ஒரு வாக்கியம் எழுதிக் காட்டவும் வேண்டும். பள்ளிக்கே போகாத அல்சூர்ப் பாட்டியிடம் அதைக் கன்னடத்தில் நடத்தினால், குறையும் மதிப்பெண்ணில் நோயின் பங்கு எது, மொழியின் பங்கு எது என்று பிரிப்பது கடினம். பாடத்தில் பிழை இருந்தால் கம்ப்யூட்டர் அந்தப் பிழையையும் சேர்த்தே கற்கும்.

சோதனையிலும் ஒரு பொறி உண்டு. ஒரே மனிதரின் ஸ்கேனைப் பல துண்டுப் படங்களாக வெட்டி, சிலவற்றைப் பயிற்சிக்கும் சிலவற்றைச் சோதனைக்கும் வைத்தால், மென்பொருள் நோயை அல்லாமல் ஆளையே அடையாளம் கண்டு மதிப்பெண் வாங்கிவிடும். வினாத்தாள் முன்பே வெளியான தேர்வு அது. வியப்பூட்டும் துல்லியத்தைக் கூறும் ஆய்வுகளில் நான் முதலில் தேடிப் பார்ப்பது இதைத்தான்.

இந்தப் பிழைகள் எதுவும் இல்லாத கருவி ஒன்று, நோயுள்ளவர்களில் 90 சதவீதத்தினரையும், நோயற்றவர்களில் 90 சதவீதத்தினரையும் சரியாகப் பிரிக்கிறது என்று கொள்வோம். நினைவாற்றல் சிகிச்சைப் பிரிவுக்கு வரும் 1,000 பேரில் 500 பேருக்கு நோய் இருந்தால், அது 450 பேரைச் சரியாகவும் 50 பேரைத் தவறாகவும் நோயாளிகள் என்று காட்டும். அதாவது பத்தில் ஒன்பது சரி. அதே கருவியை ஏரிக்கரை முகாமுக்குக் கொண்டுவருவோம். இந்தியாவில் 60 வயதைக் கடந்தோரில் 7.4 சதவீதத்தினருக்கு மறதிநோய் உண்டு என்பது 2023இல் வெளியான தேசிய ஆய்வின் மதிப்பீடு. அதன்படி 1,000 பேரில் 74 பேர் நோயாளிகள். கருவி அவர்களில் 67 பேரைக் கண்டுபிடிக்கும். நலமாக உள்ள 926 பேரில் 93 பேரையும் சேர்த்துக் காட்டும். ஆக, ‘உங்களுக்கு நோய் இருக்கிறது’ என்ற சீட்டோடு வீடு திரும்பும் 160 பேரில் 93 பேருக்கு அந்த நோயே இருக்காது.