எலும்பை ஒட்டி ஓடும் நரம்புகள்

கதவு நிலையில் முழங்கை இடித்தால் சுண்டுவிரல் வரை ஷாக் அடிக்குமே, அது எலும்பு வலி இல்லை. மேற்கை எலும்பின் கீழ்முனையில், உட்பக்கமாக ஒரு புடைப்பு உண்டு. அதன் பின்னால் இருக்கும் பள்ளத்தில், தோலுக்கு அடியிலேயே அல்நார் நரம்பு ஓடுகிறது. முழங்கையை மடக்கித் தடவிப் பாருங்கள், மெல்லிய கயிறு போல உருளும். (புறங்கையில் பச்சையாகத் தெரிவதையும் நரம்பு என்றே சொல்லிப் பழகிவிட்டோம். அது ரத்தக்குழாய்.) சுண்டுவிரலுக்கும் மோதிர விரலில் பாதிக்கும் உணர்வு தருவது இந்த நரம்புதான். அதனால்தான் அடி ஓரிடம், சுரீரென்பது வேறிடம்.

இப்படி நரம்பு எலும்பை ஒட்டியே போகும் இடங்கள் மேற்கை எலும்பில் மூன்று. மேலே, தோள் மூட்டுக்குச் சற்றுக் கீழே ஆக்ஸிலரி நரம்பு சுற்றிப் போகிறது. வயதானவர்கள் கீழே விழும்போது அடிக்கடி முறிகிற பகுதி அது. அந்த நரம்பும் அடிபட்டால் கையைப் பக்கவாட்டில் தூக்குவது கஷ்டம்.

நான் அதிகம் சொல்ல நினைப்பது நடுவில் இருப்பதைப் பற்றி. ரேடியல் நரம்பு எலும்பின் உட்பக்கத்திலிருந்து பின்புறமாகத் திருகுபோல் சுற்றி வெளிப்பக்கம் வருகிறது. எலும்பு நடுவில் முறிந்தால் முதலில் மாட்டுவது இதுதான். மணிக்கட்டு துவண்டு தொங்கும், விரல்கள் நிமிராது. ஆனால் முழங்கையை நீட்ட முடியும், ஏனென்றால் நீட்டும் தசைக்கான நரம்புக் கிளைகளில் பெரும்பாலானவை முறிந்த இடத்துக்கு மேலேயே பிரிந்துவிடுகின்றன. முறிவே இல்லாமலும் இது வரலாம். நாற்காலிச் சாய்வின் மேல் கையைத் தொங்கப்போட்டு அசந்து தூங்கினாலே போதும்.

மணிக்கட்டு தொங்கினால் என்ன, விரல் மடங்குகிறதே என்று தோன்றும். சரி, மணிக்கட்டை உள்பக்கமாக முழுக்க மடக்கிக்கொண்டு ஒரு பேனாவை இறுக்கிப் பிடித்துப் பாருங்கள். பிடி தளர்ந்துவிடும். விரலை மடக்கும் தசைநாண்கள் அந்த நிலையில் தொய்ந்துபோகின்றன. டம்ளரைத் தூக்குவதற்குக்கூட மணிக்கட்டை நிமிர்த்தும் தசைகள் வேண்டும்.

கை முறிந்து வருபவரிடம் மருத்துவர் கட்டுப் போடும் முன்பே "கட்டைவிரலைத் தூக்குங்க" என்பது ரேடியல் நரம்பு வேலை செய்கிறதா என்று பார்க்கத்தான். முடியவில்லை என்றால் பயந்துவிட வேண்டாம். பெரும்பாலும் நரம்பு அறுந்திருக்காது, நசுங்கியோ இழுபட்டோதான் இருக்கும். லேசான நசுக்கல் சில வாரங்களில் சரியாகும். உள்ளிழைகள் சேதமாகியிருந்தால் நாளுக்குச் சுமார் 1 மில்லிமீட்டர் வேகத்தில்தான் வளரும். அதனால் மாதக்கணக்கில் பொறுக்க வேண்டும். முதலில் மணிக்கட்டு மெல்ல எழும். அப்புறம் விரல்கள். கட்டைவிரல் கடைசியில்தான் நிமிரும்.