பட்டை உட்கார்ந்த வண்டியை எப்படி நிமிர்த்துவது?

எங்கள் வீட்டில் 1992-ஆம் வருட அம்பாசடர் ஒன்று இன்னும் ஓடுகிறது. நாலைந்து வருஷத்துக்கு முன்னால் அதன் பின்பக்கம் மெல்ல மெல்ல இறங்கத் தொடங்கியது. பின்சீட்டில் மூன்று பேர் உட்கார்ந்து, டிக்கியில் ஒரு அரிசி மூட்டையும் ஏறிவிட்டால் மூக்கைத் தூக்கிக்கொண்டு நிற்கும். வேகத்தடையில் எவ்வளவு மெதுவாக ஏற்றி இறக்கினாலும் பின்னால் 'டம்' என்று ஒரு இடி விழும். ராத்திரியில் டிம் லைட்டில் போனாலும் எதிரே வருகிற லாரிக்காரர்கள் லைட்டை அடித்து அடித்துக் காட்டுவார்கள். பின்பக்கம் தாழ்ந்ததால் என் முன்விளக்கு அவர்கள் கண்ணை நேராகக் குறிபார்த்துக்கொண்டிருந்திருக்கிறது.

யாரிடம் காட்டினாலும் ஒரே பதில்தான்: "பட்டை வீக் ஆயிடுச்சு சார், ஒரு பட்டை சேர்த்துப் போட்டுடலாம்." பட்டை என்பது வண்டியின் எடையைத் தாங்கும் எஃகு வில், அதாவது லீஃப் ஸ்பிரிங். கேட்பதற்குச் சரியாகத்தான் இருக்கிறது. ஆனால் உடையாமல், விரிசல் விடாமல் உட்கார்ந்துபோன பட்டை வீக் ஆவதே இல்லை. முப்பது வருஷம் சுமந்த பிறகும் அதன் விறைப்பு புதிதில் இருந்த அதே அளவுதான். போனது அதன் வளைவு மட்டும். இந்த ஒரு வித்தியாசம் புரிந்துவிட்டால், பட்டறையில் சொல்லப்படும் வைத்தியங்களில் எது உதவும், எது காசைக் கரைக்கும் என்று நாமே பிரித்துப் பார்க்கலாம்.

அம்பாசடரின் பின்பக்கம் ரொம்பப் பழைய ஏற்பாடு. அந்த வண்டியே மோரிஸ் ஆக்ஸ்போர்டு மூன்றாம் வரிசையை வைத்துச் செய்ததுதான். உத்தர்பாராவில் 1950-களின் கடைசியில் தொடங்கி 2014 வரை தயாரானது. பின்னால் இரண்டு சக்கரத்தையும் இணைக்கும் ஒரே கட்டி அச்சு, அதைத் தாங்க இரண்டு பக்கமும் அடுக்கடுக்கான எஃகுப் பட்டைகள். நம் ஊர் வில் வண்டியில் மாட்டுக்குப் பின்னால் இருப்பதும் இதேதான். பெயரிலேயே விஷயம் இருக்கிறது, வளைத்தால் வளையும், விட்டால் பழையபடி நிமிரும். வில்லின் இரு முனையும் வண்டியின் உடலோடு மாட்டியிருக்கும், நடுவில் அச்சு. உடலின் எடை முனைகளை அழுத்த அழுத்த, மேல்நோக்கிச் சிரிப்பது போல வளைந்திருக்கிற பட்டை தட்டையாகும்.

இரண்டு மடங்கு எடை வைத்தால் இரண்டு மடங்கு இறங்கும், இதுதான் ஸ்பிரிங்கின் அடிப்படை. ராபர்ட் ஹூக் இதைக் கண்டுபிடித்து, வேறு யாரும் உரிமை கொண்டாடிவிடக் கூடாது என்று 1676-ல் எழுத்துகளைக் கலைத்துப் போட்டுப் புதிராக அச்சடித்தார், 1678-ல்தான் விடையை வெளியிட்டார்.

ஒரு கணக்கு போட்டுப் பார்க்கலாம். 120 செ.மீ. நீளம், 5 செ.மீ. அகலம், 6 மி.மீ. தடிமன், ஆறு பட்டைகள் கொண்ட ஒரு அடுக்கு. ஒரு சக்கரத்தின் மேல் 300 கிலோ உட்கார்கிறது என்று வைத்துக்கொள்வோம். பாடப்புத்தகச் சூத்திரப்படி அது சுமார் 147 மி.மீ. இறங்கும். இந்தக் கணக்குக்கு வேண்டியது பட்டையின் நீளம், அகலம், தடிமன், எண்ணிக்கை, அப்புறம் எஃகின் மீள்தன்மை, அவ்வளவுதான். எஃகின் மீள்தன்மை என்பது அணுக்கள் ஒன்றையொன்று எவ்வளவு இறுக்கமாகப் பிடித்திருக்கின்றன என்பதைப் பொறுத்தது. வயசானாலும் பாரம் சுமந்தாலும் அது மாறாது, நெருப்பில் காய்ச்சித் தோய்த்தால்கூட ஏறக்குறைய அப்படியேதான் இருக்கும். ஆக, பழைய பட்டையும் அதே 300 கிலோவுக்கு அதே 147 மி.மீ.தான் இறங்கும். ஆனால் அது 40 மி.மீ. தாழ்வான இடத்தில் இருந்து இறங்க ஆரம்பிக்கிறது. அச்சுக்கும் மேலே இருக்கும் ரப்பர் முட்டுக்கும் நடுவே முன்பு 75 மி.மீ. இடைவெளி இருந்திருந்தால் இப்போது மிச்சம் 35. எனக்குக் கேட்ட 'டம்' அந்த ரப்பரில் அச்சு மோதிய சத்தம்.

சரி, வளைவு ஏன் போகிறது? குடைக்கம்பியைக் கொஞ்சம் வளைத்து விட்டால் திரும்பி வந்துவிடும், அதிகம் வளைத்தால் அப்படியே நின்றுவிடும். எஃகுக்குள் அணுக்கள் வரிசையாக அடுக்கியிருந்தாலும் அந்த அடுக்கில் அங்கங்கே பிசகுகள் இருக்கும். அழுத்தம் ஓர் எல்லையைத் தாண்டும்போது அந்தப் பிசகுகள் நகர்ந்து வேறு இடத்தில் போய் உட்கார்ந்துகொள்ளும், திரும்பி வராது. எல்லையைத் தாண்டாவிட்டாலும், வருஷக்கணக்கில் தொடர்ந்து பாரம் இருந்தால் ஒன்றிரண்டு நகர்ந்துகொண்டேதான் இருக்கும். ஒவ்வொரு பள்ளத்திலும் ஒரு துளி, கல்யாணத்துக்கு எட்டுப் பேரை ஏற்றிப்போன அன்றைக்கு ஒரு பெரிய துளி. இதைத் தாமதப்படுத்தத்தான் பட்டை எஃகில் சிலிக்கான் சேர்க்கிறார்கள். நூற்றுக்கு அரை பங்குக்குச் சற்று மேல் கரி, ஒன்றரை முதல் இரண்டு பங்கு சிலிக்கான் என்பது ஒரு வழக்கமான கலவை. நம் கொல்லர்கள் லாரிப் பட்டையைத் தேடி வாங்கி அரிவாள் அடிப்பதும் இந்த எஃகு தோய்ச்சலுக்கு அவ்வளவு நன்றாகப் பிடிப்பதால்தான்.

வைத்தியத்துக்கு முன்னால் அளவெடுக்க வேண்டும், நிறையப் பேர் இதைச் செய்வதே இல்லை. தரையில் இருந்து அளந்தால் டயர் தேய்மானமும் காற்றும் குழப்பும். சக்கரத்தின் நடுப்புள்ளியில் இருந்து நேர் மேலே மட்கார்டு விளிம்பு வரை டேப் பிடிக்க வேண்டும். சமதளத்தில் நிறுத்தி, டிக்கியைக் காலி செய்து, பின்பக்கத்தை இரண்டு மூன்று முறை அமுக்கி விட்டுவிட்டு அளக்க வேண்டும். பட்டைகளுக்கு நடுவே உராய்வு இருப்பதால் அமுக்காமல் அளந்தால் ஒவ்வொரு முறையும் ஓர் அளவு வரும். அதே மாடலில் புதுப் பட்டை போட்ட நண்பர் ஒருவரின் வண்டியோடு ஒப்பிட்டேன். என் வண்டி இடது பக்கம் 31 மி.மீ., வலது பக்கம் 45 மி.மீ. தாழ்ந்திருந்தது. முப்பது வருஷமாகத் தனி ஆளாக ஓட்டிய நாட்களே அதிகம், டிரைவர் உட்காருவது வலது பக்கம். அந்த வித்தியாசத்துக்கு எனக்குத் தோன்றிய காரணம் இதுதான்.

ஷாக் அப்சார்பரை மாற்றினால் வண்டி எழும்பிவிடும் என்று நம்பிப் பணம் செலவழிப்பவர்களைப் பார்த்தால் வருத்தமாக இருக்கிறது. சாதாரண ஷாக் அப்சார்பர் வண்டியைத் தாங்குவதில்லை. ஆட்டத்தை அடக்குவது மட்டும்தான் அதன் வேலை, நின்றுகொண்டிருக்கிற வண்டியில் அது சும்மா இருக்கிறது.

இப்போது அந்த 'ஒரு பட்டை சேர்க்கும்' வைத்தியம். மேலே போட்ட கணக்கில், வளைவு பொருந்துகிற ஏழாவது பட்டையைச் சேர்த்தால் 147 மி.மீ. இறக்கம் 126 ஆகும், வண்டி 21 மி.மீ. எழும்பும். இழந்த 40-ஐ ஈடுகட்ட இன்னொன்றும் சேர்த்து எட்டாக்கினால் 37 மி.மீ. கிடைக்கும். ஆனால் விறைப்பு மூன்றில் ஒரு பங்கு கூடிவிட்டது. நொடிக்கு 1.3 முறை மெதுவாக ஆடிய வண்டி இப்போது 1.5 முறை ஆடும், காலியாகப் போகும்போது ஒவ்வொரு குழியும் முதுகெலும்பில் தெரியும். உயரம் என்னவோ வந்துவிட்டது, அதற்கு விலையாக அம்பாசடரில் போகிற சுகமே போய்விட்டது. தினமும் பாரம் ஏற்றுகிற வண்டிக்கு இது சரியான வைத்தியம், குடும்ப வண்டிக்கு இல்லை. கையில் கிடைத்த தடிமனான துண்டைச் செருகுவது இன்னும் மோசம். விறைப்பு தடிமனின் மும்மடிப் பெருக்கத்தில் ஏறுகிறது, 6 மி.மீ.க்குப் பதில் 7 மி.மீ. போட்டால் அந்த ஒரு பட்டை மட்டும் 59 சதவீதம் அதிக விறைப்பு. ஒரே அளவு வளைந்தாலும் தடித்த பட்டையின் மேற்பரப்பு அதிகம் இழுபடும், அதனால் முதலில் உடைவதும் அதுவாகத்தான் இருக்கும்.

போனது வளைவு என்றால் வளைவைத் திருப்பிக் கொடுப்பதுதானே நேரான வழி? ஆமாம், ஆனால் எப்படிக் கொடுக்கிறார்கள் என்பதில்தான் எல்லாம் இருக்கிறது. நான் முதலில் போன பட்டறையில் கேஸ் வெல்டிங் நெருப்பால் வலது பக்கத்து இரண்டு பட்டைகளை நடுவில் சிவக்கக் காய்ச்சி, வளைத்து, அப்படியே தரையில் ஆறப் போட்டார்கள். பட்டை எஃகைத் தயாரிக்கும்போது 850 டிகிரிக்கு மேல் சூடாக்கி, எண்ணெயில் தோய்த்து, மறுபடி 450-500 டிகிரியில் பதப்படுத்துகிறார்கள். எஃகு மங்கலான சிவப்பாகக் கண்ணுக்குத் தெரிய ஆரம்பிக்கும்போதே ஏறத்தாழ அந்தப் பதச் சூட்டைத் தாண்டியாயிற்று. சிவக்கக் காய்ச்சி மெதுவாக ஆறவிட்டால் அந்த இடம் மட்டும் சாதாரண இரும்பு மாதிரி இளகிப்போகும். அவசரத்துக்குத் தண்ணீர் ஊற்றினால் கண்ணாடி மாதிரி நொறுங்கும். மூன்றே மாதத்தில் வண்டி முன்பைவிடத் தாழ்ந்தது. காய்ச்சிய இடத்தில் ஒரு பட்டை விரிசலும் விட்டது.

இரண்டாவது முறை, நாமக்கல் பக்கம் லாரிகளுக்குப் பட்டை வேலை செய்யும் ஒரு பெரியவரிடம் போனேன். அடுக்கைக் கழற்றி, நெருப்பு பட்ட இரண்டையும் தனியே எடுத்து ஓரமாக வைத்துவிட்டார். "இது இனி பட்டை இல்லீங்க, இரும்பு. புதுசு போட்டுக்குவோம்" என்றார். மற்றதையெல்லாம் பச்சையாகவே, அதாவது நெருப்பில்லாமல், பிரஸ்ஸில் வைத்து வளைத்தார். தரையில் சாக்பீஸால் ஒரு வளைவு வரைந்திருந்தார். ஒவ்வொரு பட்டையையும் விரற்கடை விரற்கடையாக நகர்த்தி நகர்த்தி அமுக்கி, கோட்டின் மேல் வைத்துப் பார்த்து, மறுபடி அமுக்கினார். கீழே உள்ள குட்டைப் பட்டைகளுக்குக் கொஞ்சம் அதிக வளைவு வைத்தார். அடுக்கை நடுவில் துளைத்துச் சேர்த்துப் பிடிக்கும் சென்டர் போல்ட் போடாமல் அடுக்கினால் பட்டைகளுக்கு நடுவே வெளிச்சம் தெரியும். போல்ட்டை இறுக்கும்போது அந்த இடைவெளி மூடி, மெயின் பட்டை பாரத்துக்கு எதிர்த்திசையில் முன்கூட்டியே முறுக்கிக்கொள்கிறது. முனையில் கண் சுருட்டிய அந்தப் பட்டைதான் பிரேக்கையும் குலுக்கலையும் சேர்த்துத் தாங்குகிறது என்பதால் அதன் பங்கைக் குறைக்கும் ஏற்பாடு இது.

அதன் பிறகு அவர் செய்த காரியம்தான் எனக்குப் புதிது. அவ்வளவு பாடுபட்டு வளைத்த அடுக்கைக் கவிழ்த்துப் பிரஸ்ஸில் வைத்து, தட்டையையும் தாண்டி ஐந்தாறு முறை அமுக்கினார். வளைவு கொஞ்சம் குறைந்தது. "ரோட்டுல உட்கார்றத இங்கேயே உட்கார வச்சுடணும்" என்றார்.

இதற்குப் பின்னால் அழகான இயற்பியல் இருக்கிறது. வளைவைக் கூட்டும்போது பட்டையின் மேல்முகம் நசுங்குகிறது. பிரஸ்ஸை எடுத்ததும் நடுப்பகுதி நிமிரப் பார்க்கும், நசுங்கிக் குறுகிப்போன மேல்முகத்தையும் சேர்த்து இழுக்கும். அதனால் பாரமே ஏறாதபோதும் மேல்முகம் இழுபட்ட நிலையிலேயே இருக்கும். வண்டியின் பாரமும் அதே முகத்தைத்தான் இழுக்கிறது. இரண்டு இழுப்பும் ஒன்றாகச் சேர, எல்லை சீக்கிரம் தாண்டிவிடும், பட்டை மறுபடி உட்காரும். வெறுமனே வளைத்துக் கொடுத்த பட்டைகள் சில மாதத்தில் பழைய நிலைக்குப் போவதற்கு இது ஒரு முக்கியக் காரணம். பாரம் வரும் திசையிலேயே அதிகமாக ஒருமுறை அமுக்கிவிட்டால் கதை தலைகீழாகும். மேல்முகம் கொஞ்சம் நீண்டுவிடும், விட்டதும் நடுப்பகுதி அதை நெருக்கி வைத்துக்கொள்ளும். இனி வருகிற பாரம் முதலில் அந்த நெருக்கத்தைக் கரைத்துவிட்டுத்தான் இழுக்கவே தொடங்க முடியும். தொழிற்சாலையிலும் புதுப் பட்டைகளை இப்படி அமுக்கித்தான் அனுப்புகிறார்கள், கூடவே மேற்பரப்பில் சின்ன எஃகுக் குண்டுகளை வேகமாக அடித்தும் அதே நெருக்கத்தை உண்டாக்குவார்கள்.

காயில் ஸ்பிரிங் வண்டி வைத்திருப்பவர்களுக்கு ஒரு வார்த்தை. சுருளுக்கு நடுவே ரப்பர் கட்டையைச் செருகினால் வண்டி எழும்பத்தான் செய்யும், ஆனால் கட்டை இருக்கும் இடத்துச் சுருள் சரியாக வேலை செய்யாது, மீதிச் சுருள்களுக்குச் சுமை கூடும். அங்கே வளைவு ஏற்றும் வேலையும் சரிப்படாது, ஜோடியாகப் புது ஸ்பிரிங் போடுவதுதான் ஒரே வழி. பட்டை வண்டியில், பட்டையின் முனையை உடலோடு இணைக்கும் ஷாக்கிளை நீளமாக்குவதும் எனக்குப் பிடிக்காத வழி. 2 செ.மீ. நீட்டினால் 1 செ.மீ.தான் எழும்பும், அச்சின் கோணமும் சாய்ந்து இன்ஜினின் சுழற்சியைப் பின்அச்சுக்குக் கொண்டுபோகும் புரொப்பல்லர் ஷாஃப்ட் அதிர ஆரம்பிக்கும்.

மாட்டும்போது இரண்டு விஷயம். பட்டை முனையில் உள்ள ரப்பர் புஷ்களின் போல்ட்டை, வண்டி ஜாக்கியில் தொங்கும்போது இறுக்கவே கூடாது. சக்கரம் தரையில் ஊன்றி முழு எடையும் இறங்கிய பிறகே இறுக்க வேண்டும், இல்லாவிட்டால் ரப்பர் எப்போதும் முறுக்கிக்கொண்டே இருந்து சீக்கிரம் கிழியும். பட்டை அடுக்கை அச்சோடு சேர்த்துப் பிடிக்கும் யு போல்ட்டை சில நூறு கிலோமீட்டர் ஓடியதும் இன்னொரு முறை இறுக்க வேண்டும், புதிதாக அடுக்கிய பட்டைகள் ஒன்றோடு ஒன்று படிந்து உட்கார அவ்வளவு ஓட்டம் தேவைப்படும்.

என் வண்டி மாட்டிய அன்று நண்பரின் வண்டியைவிட 6 மி.மீ. உயரமாக நின்றது. 500 கிலோமீட்டரில் யு போல்ட்டை இறுக்கிவிட்டு அளந்தேன், 1 மி.மீ. உயரம், இரண்டு பக்கமும் ஒன்றுபோல. ஒன்றரை வருஷம் கழித்துப் போன மாதம் மறுபடி டேப் பிடித்தபோது வலது பக்கம் 2 மி.மீ. இறங்கியிருந்தது, இடது பக்கம் அப்படியே. முன்விளக்கை மட்டும் அன்றைக்கே சுவரில் அடித்துப் பார்த்துத் திருப்பி வைக்க வேண்டியிருந்தது. தாழ்ந்த வண்டிக்கு ஏற்றபடி இடையில் யாரோ இறக்கி வைத்திருந்ததால், நிமிர்ந்த பிறகு வெளிச்சம் கொஞ்ச தூரத்திலேயே தரையில் விழுந்துகொண்டிருந்தது.