மிக்ஸட் மீடியா: கலப்பா, பல்பொருளா?

தக்கலைப் பக்கம் எனக்குத் தெரிந்த ஓவியர் ஒருவர் வீட்டில் அவர் செய்த படைப்பு ஒன்று, ஒரு பிளைவுட் பலகை, சுவரில் சாய்ந்து நிற்கிறது. பலகையில் முதல் அடுக்காக ஒரு துண்டு தாழம்பாய். அதன்மேல் சங்கு முத்திரை போட்ட திருவிதாங்கூர் காலத்து ஆதாரம். பழைய ஆட்கள் இங்கே பத்திரத்தை ஆதாரம் என்றுதான் சொல்வார்கள். மலையாள எழுத்து, கொல்லம் ஆண்டு 1115, அதாவது 1939-40. பக்கத்தில் தமிழில் ஒரு பழைய ரேஷன் கார்டு. இரண்டிலும் இருப்பது அவருடைய பாட்டியின் பெயர்தான். ஆதாரத்தில் தங்கம்மா, கார்டில் தங்கம்மாள். 1956 நவம்பர் 1 அன்று தோவாளை, அகஸ்தீஸ்வரம், கல்குளம், விளவங்கோடு தாலுகாக்கள் சென்னை மாநிலத்தோடு சேர்ந்ததில் பாட்டிக்குக் கூடுதலாகக் கிடைத்தது ஒரு 'ள்'. அதை மட்டும் பேரன் சிவப்பு நூலால் தைத்து வைத்திருக்கிறார்.

இப்படிப் பலவகைப் பொருட்களைச் சேர்த்துச் செய்யும் ஓவியத்துக்கு என்ன பெயர் என்று கேட்டேன். மிக்ஸட் மீடியா என்றார். தமிழில்? "கலப்பு ஊடகம்ணு போடுவாவ" என்று இழுத்தார்.

மீடியா என்பது மீடியத்தின் பன்மை. லத்தீனில் மீடியம் என்றால் நடுவில் இருப்பது. மனதில் உள்ளதற்கும் பார்ப்பவருக்கும் நடுவே நிற்கும் எண்ணெய் வண்ணம், நீர்வண்ணம், களிமண் எல்லாம் ஓவியருக்கு மீடியம்தான். தமிழில் 'ஊடு' என்பதும் அதே நடு, இடை. ஊடே, ஊடுருவு, தறியில் பாவுக்குக் குறுக்கே ஓடும் ஊடை எல்லாம் ஒரே குடும்பம். ஆக, ஊடகம் நன்றாக அமைந்த சொல். என்ன, இன்று அதைக் கேட்டால் டிவியும் பத்திரிகையும்தான் நினைவுக்கு வரும்.

எனக்கு உறுத்துவது 'கலப்பு'. பாலில் தண்ணீர் கலந்தால் எது எது என்று காட்ட முடியாது. இந்தப் பலகையில் பாய் பாயாகவே கிடக்கிறது, ஆதாரம் ஆதாரமாகவே இருக்கிறது. நம்ம ஊர் அவியல் மாதிரி: தேங்காயும் தயிரும் எல்லாவற்றையும் பிடித்து நிறுத்தும், ஆனாலும் முருங்கைக்காயைச் சேனை என்று யாரும் மயங்கமாட்டார்கள். போதாக்குறைக்குக் கலப்பு என்றதும் கலப்படம் வேறு எட்டிப் பார்க்கிறது.

சரி, ஒட்டோவியம் என்று சொல்லலாமே? அது துண்டுகளை ஒட்டியே செய்யும் கொலாஜுக்குத்தான் பொருந்தும். பிரெஞ்சில் 'கொலே' என்றால் ஒட்டுதல்; அதற்கு மூலம் கிரேக்கத்தில் பசையைக் குறிக்கும் 'கொல்லா'. 1912-இல் பிக்காஸோ, பிரம்பு நாற்காலிப் பின்னல் அச்சிட்ட மெழுகுத்துணியை ஓவியத்தில் ஒட்டி, சுற்றிலும் நிஜக் கயிற்றையே சட்டமாக வைத்தார். நவீன ஓவியத்தில் கொலாஜின் கதையை அங்கிருந்துதான் தொடங்குவார்கள். ஆனால் மிக்ஸட் மீடியாவில் ஒட்டுவது ஒரு வேலை மட்டுமே. தைக்கலாம், ஆணி அடிக்கலாம், மெழுகு ஊற்றலாம்.

என் ஓட்டு 'பல்பொருள் ஓவியம்' என்பதற்கு. சிற்பம் போல எழுந்து நின்றால் பல்பொருட்கலை. பொருள் என்றால் சாமான், பொருள் என்றால் அர்த்தம். மூலச் சொல்லில் இல்லாத இந்த வசதி தமிழில் இலவசமாக வருகிறது. பாட்டியின் ரேஷன் கார்டு வெறும் சாமானா என்ன?

"பல்பொருள் அங்காடி ஞாபகம் வருமே" என்றார் ஓவியர். வரட்டும் என்றேன். கொஞ்சம் யோசித்துவிட்டு, பலகையைத் திருப்பிப் பின்பக்கம் பென்சிலால் அதையே எழுதினார்.

"இதிலயும் ஒரு 'ள்' கெடக்கு, பாத்தியளா" என்றார்.