ஆவணப்படமா, விவரணப்படமா?

மட்டக்களப்பு வாவியின் குறுமண்வெளித் துறையில் பாதை என்னும் மிதவையில் ஏறி மண்டூருக்குப் போய்வருகிறவர்களைப் பற்றி ஓர் இளைஞர் படம் எடுத்திருந்தார். மோட்டார் சைக்கிளை ஏற்றிவிட்டு அதன்மேலேயே அமர்ந்து வாவியைப் பார்க்கும் ஆசிரியை, தயிர்ச்சட்டிகளை அணைத்துப் பிடித்திருக்கும் முதியவர், அவ்வளவுதான் கதை. நல்ல படம். மட்டக்களப்பில் அதைத் திரையிட்டபோது அறிவிப்பாளர் மூச்சுக்கு மூச்சு ‘ஆவணப்படம்’ என்றார்.

‘டொக்கியுமென்டரி’ என்ற மூலச்சொல் லத்தீனில் கற்பித்தலைக் குறிக்கும் வினையடியிலிருந்து வந்தது. தாளும் முத்திரையும் பிற்காலப் பொருள். பிரெஞ்சுக்காரர் பயணப் படங்களுக்கு அதை வழங்கினர். 1926 இல் பிரித்தானியத் திரைப்படக்காரர் ஜோன் கிரியர்சன், சமோவாத் தீவு வாழ்க்கையைக் காட்டிய றொபேட் பிளாஹெர்ட்டியின் படத்தை விமர்சித்தபோது அதை ஆங்கிலத்தில் ஊன்றினார். நடப்பைப் படைப்புத்திறனோடு கையாளுவதே இக்கலை என்று பிறகு விளக்கியவரும் அவரே. பத்திரம் எங்கே வந்தது?

தமிழில் ஆவணம் பழைய சொல். அகநானூற்று 77 ஆம் பாடலில் குடத்து ஓலைகளை எடுப்பதற்காகக் குடத்தின் பொறியை, அதாவது முத்திரையை, பார்த்து அழிப்பவர்கள் ‘ஆவண மாக்கள்’. புத்தூர்த் திருமணத்தில் சுந்தரரை மறித்த கிழவேதியர் காட்டியதும் அடிமை ஓலைதான். நெடுநல்வாடையின் ‘மல்லல் ஆவணம்’ மட்டும் கடைத்தெரு. அந்தப் பொருளில் ஆவணப்படம் என்றால் நான் வாயே திறக்கமாட்டேன். கல்முனைச் சந்தையைப் படமாக்கி அப்படியே பெயர் வைக்கலாம்.

ஆனால் இன்று ஆவணம் என்றதும் எங்கள் மக்களுக்கு நினைவில் வருவது காணி உறுதி, பெர்மிட், பிரதேச செயலக வரிசை. வலை உலர்த்துகிறவரிடம் போய் “ஆவணப்படம் எடுக்க வந்திருக்கிறோம், ஐயா” என்று சொல்லிப் பாருங்கள். “எந்தக் காணிக்குத் தம்பி?” என்றுதான் கேட்பார். விவரணப்படம் என்ற சொல்லோ இலங்கைப் பத்திரிகைகளில் நெடுங்காலம் புழங்கியது. விவரித்துக் காட்டும் படம். பொருள் சொல்லிலேயே கிடக்கிறது. விவரணம் வடசொல் என்று மூக்கைச் சுளிப்பவர்கள் உண்டு. ‘விவரம் என்ன?’ என்று நாள் முழுவதும் கேட்கிற வாய்க்கு விவரணம் மட்டும் எப்படித் தீட்டாகும்? தனித்தமிழ் வேண்டும்தான். அதற்காகத் தப்பான தமிழை ஏற்க முடியாது.

இந்தப் பழக்கம் படத்தோடு நிற்கவும் இல்லை. கலியாணத்தில் படம் பிடித்தாலும் ‘ஆவணப்படுத்தினோம்’, பாட்டியிடம் கதை கேட்டாலும் ‘ஆவணப்படுத்தினோம்’. எழுதினோம், பதிந்தோம் என்ற சொற்கள் எங்கே போயின? மொழிபெயர்ப்பாளர்கள் அகராதியின் முதல் வரியோடு எழுந்துவிடுகிறார்கள். அதே குறுமண்வெளிப் படத்தின் ஆங்கில வசனவரிகளில் பாதை ‘ரோட்’ ஆகியிருந்தது. திரையில் சுற்றிலும் தண்ணீர்; எழுத்திலோ தெரு. எழுவான்கரையிலிருந்து படுவான்கரைக்கு ஆட்களை ஏற்றிப்போகும் மிதவைக்கு இங்கே பாதை என்று பெயர் என்பதைத் துறையில் நிற்கும் எந்தப் பிள்ளையும் சொல்லியிருக்கும்.

காணாமல்போனோர் பற்றிய வாக்குமூலங்கள், நீதிமன்றத்துக்கு ஒருநாள் போகக்கூடிய பதிவுகள், இவற்றைத் தொகுத்த படத்துக்கு ஆவணப்படம் என்ற பெயர் சரி. அங்கே அது சான்று. தயிர்ச்சட்டிக்காரர் எதற்கும் சான்று சொல்ல வரவில்லை.