ஆவணப்படம்: இதில் ஆவணம் எங்கே?

மெக்சிகோ இயக்குநர் தத்தியானா உவெசோவின் 'தெம்பெஸ்தாத்' (2016) படத்தில் ஒரு பெண் பேசுகிறார். ஏறக்குறைய படம் நெடுக அவர் குரலாக மட்டுமே வருகிறார். திரையில் மழையில் போகும் பஸ், ஜன்னலோரம் கண்ணயரும் யார் யாரோ. செய்யாத ஆள்கடத்தல் குற்றத்துக்காக, போதைக் கடத்தல் கும்பலின் பிடியில் இருந்த வடக்கு எல்லைச் சிறையில் அடைக்கப்பட்டவர் அவர். பிறர் செய்த குற்றத்துக்குச் சிறை போகிறவர்களை அங்கே 'பகதோர்' என்கிறார்கள். கடனை அடைப்பவர் என்று பொருள்.

இதை ஆவணப்படம் என்கிறோம். ஸ்பானிய மொழியில் 'தொகுமெந்தால்', ஆங்கிலத்தில் 'டாக்குமெண்டரி'. இரண்டுக்கும் தாய் லத்தீனின் 'தொகுமெந்தும்'. அதன் வேர் 'தொகெரே', கற்பித்தல். முதலில் பாடம், எடுத்துக்காட்டு, சான்று என்றிருந்த சொல் பிறகுதான் எழுத்துப் பத்திரமாகச் சுருங்கியது. ஆங்கிலத்தில் படத்துக்கு இச்சொல்லை நிலைநாட்டியது, 1926-இல் அமெரிக்க இயக்குநர் ஃபிளாஹெர்ட்டியின் 'மோவானா' படம் பற்றி ஸ்காட்லாந்துக்காரர் ஜான் கிரியர்சன் எழுதிய விமர்சனம்.

நம் 'ஆவணம்' வேறு வழியாக வந்தது. 'மல்லல் ஆவணம்' என்று அகநானூறு (122) சொல்வது வளமான கடைத்தெருவை. வடமொழி 'ஆபண'த்துக்கும் அதே பொருள்தான். விற்கும் இடத்தின் பெயரே விற்றதற்கு எழுதிய ஓலைக்கும் ஆகியிருக்க வேண்டும். சோழர் கல்வெட்டுகளில் 'ஆவணக்களரி' பத்திரம் பதியும் இடம். ஆக, பத்திரம் என்ற பொருளில் இரு சொற்களும் சந்திக்கின்றன. கற்பித்தல் நம் சொல்லில் இல்லை.

அதனால்தான் இந்தப் படத்துக்கு அச்சொல் எனக்கு உறுத்துகிறது. வழக்குக் காகிதங்கள் அந்தப் பெண்ணைக் குற்றவாளி என்றன. படம் அந்தக் காகிதங்களுக்கு எதிர்ச்சாட்சி. 'செய்திப்படம்' பொருந்தவே பொருந்தாது, அது தியேட்டரில் காட்டிய நியூஸ் ரீல். இலங்கைத் தமிழரின் 'விவரணப்படம்' நெருங்கி வருகிறது. ஆனாலும் 'ஆவணப்படம்' வேரூன்றிவிட்டது. அதையே வைத்துக்கொண்டு, சான்று என்ற பொருளை அதில் அழுத்திப் படிப்பதே சரி.

உவெசோ 1972-இல் எல் சால்வடாரில் பிறந்து மெக்சிகோவில் வளர்ந்தவர். உள்நாட்டுப் போரில் அழிந்த சிங்கேரா கிராமத்துக்குத் திரும்பி வந்தவர்களைப் பற்றியது அவருடைய 2011 படம். 'தெம்பெஸ்தாத்' அவருக்கு 2017-இல் சிறந்த இயக்குநருக்கான ஆரியல் விருதை, மெக்சிகோவின் தேசியத் திரை விருதை, தந்தது. கதைப்படங்களோடு போட்டியிட்டு வென்றது அது. 2021-இல் 'நோச்சே தே ஃபுவேகோ' என்ற கதைப்படமும் எடுத்தார். பெண்பிள்ளைகளைக் கும்பல் தூக்கிப்போகாதிருக்க ஆண்பிள்ளைபோல் முடி வெட்டிவிடும் மலைக்கிராமம் அதில் வரும். 2023-இல் மீண்டும் ஆவணப்படம், 'எல் எகோ'. புவேப்லா மாநிலத்துக் குக்கிராமம் ஒன்றில் பிள்ளைகள் ஆடு மேய்க்கிறார்கள். ஒரு சிறுமி பாட்டியைப் பக்குவமாகக் குளிப்பாட்டுகிறாள். வேரிலிருந்த அந்தக் கற்பித்தலை அங்கே பார்த்தேன்.